கொழும்பில் கூழைக்கடாக்களை இனங்கண்டு எண்ணிப் பதிவு செய்தல்: முழுமையான வழிகாட்டி

பேர வாவிக் கரையில் நின்று, கண்ணில் பட்ட கூழைக்கடாக்களை எண்ணி ஒரு தொகையைச் சொல்வது எளிது. அடுத்த மாதம் அதே இடத்தில் வேறொருவர் எடுக்கும் தொகையுடன் ஒப்பிடத்தக்க ஒன்றைப் பெறுவதுதான் கடினம். புதிதாக வருவோரில் பெரும்பாலானோர் வாவியை அடைந்தவுடனேயே எண்ணத் தொடங்கிவிடுகிறார்கள். பறவையை அறிதல், இடத்தின் தன்மையை அறிதல், நாளையும் நேரத்தையும் தீர்மானித்தல், நிற்கும் புள்ளியை உறுதி செய்தல் ஆகிய நான்கும் முடிந்த பின்னர் எடுக்கப்படும் எண்ணிக்கைக்கே பொருள் உண்டு என்பதால், கீழே உள்ள படிகளை அதே வரிசையில் பின்பற்ற வேண்டும்.

இந்த வழிகாட்டி கொழும்பையும் அதை ஒட்டிய கோட்டே, பத்தரமுல்லை, தெஹிவளைப் பகுதிகளையும் மனத்தில் கொண்டு எழுதப்பட்டது.

1. புறப்படுமுன் கையில் இருக்க வேண்டியவை

ஒரு தொலைநோக்கி வேண்டும். 8×42 அளவுடையது போதும். பத்து மடங்கு பெருக்கம் உடையதை வாங்கி வருவோர் உண்டு. ஆனால் கை நடுக்கமும் அதே அளவுக்குப் பெருகும் என்பதால், ஒரு மணி நேரம் தொடர்ந்து பார்க்கும் வேலைக்கு எட்டு மடங்கே நல்லது. 42 என்பது முன்வில்லையின் விட்டத்தை மில்லிமீற்றரில் குறிக்கும். அந்தி வேளையில் ஒளி குறையும்போது அகன்ற வில்லையின் பயன் தெரியும்.

குறிப்பேட்டுடன் பேனாவுக்குப் பதிலாகப் பென்சிலைக் கொண்டு செல்லுங்கள். கொழும்பில் மாலை மழை சொல்லிக்கொண்டு வருவதில்லை. நனைந்த தாளில் மை கரைந்துவிடும், பென்சில் எழுத்து நிற்கும். கைபேசியிலேயே பதியலாம் என்பவர்கள், தலையைக் குனிந்து தட்டச்சுச் செய்யும் நேரத்தில் தலைக்கு மேலே ஒரு கூட்டம் கடந்து போவதைத் தவறவிடுகிறார்கள்.

கையில் அழுத்தி எண்ணும் சிறிய எண்ணி ஒன்று, மணிக்கூடு, குடை ஆகியவையும் தேவை. குடை மழைக்கு மட்டும் உரியதன்று. அடையும் மரத்தின் கீழே ஒரு முறை நின்றவர்களுக்கு மற்றக் காரணம் தெரியும்.

இயன்றால் இரண்டாவது ஆள் ஒருவரை அழைத்துச் செல்லுங்கள். ஒருவர் கண்ணை எடுக்காமல் பார்க்க, மற்றவர் எழுதினால் பிழை வெகுவாகக் குறையும்.

2. பறவையை ஐயமற அறிதல்

கொழும்பில் நீங்கள் காண்பது புள்ளி அலகுக் கூழைக்கடா. நீளம் ஏறத்தாழ 125 முதல் 150 சென்ரிமீற்றர். எடை 4 முதல் 6 கிலோகிராம். விரித்த சிறகுகளின் அகலம் 2 மீற்றருக்கு மேல். சாம்பல் கலந்த வெண்ணிற உடல், பிடரியில் குட்டையான சாம்பல் நிறத் தூவிக் கொண்டை, மேல் அலகின் விளிம்பு நெடுகக் கருநீலப் புள்ளிகள், அலகின் கீழே தொங்கும் பை ஆகியவை அடையாளங்கள். அலகின் நுனியில் சிறு கொக்கி இருக்கும். கால்விரல்கள் நான்கும் சவ்வினால் இணைந்திருக்கும்.

உட்கார்ந்திருக்கும்போது எவரும் இதைத் தவறவிடுவதில்லை. பிழை நேர்வது பறக்கும்போதுதான். பறக்கும் கூழைக்கடா தன் கழுத்தை மடித்துப் பின்னிழுத்து, தலையைத் தோள்களின்மேல் வைத்துக்கொள்ளும். கால்கள் வாலுக்குப் பின்னால் நீண்டு தெரியா. நத்தைகுத்தி நாரையும் மஞ்சள் மூக்கு நாரையும் கழுத்தை முன்னே நீட்டிப் பறக்கும். கால்கள் பின்னே நீண்டிருக்கும். உயரத்தில் வட்டமிடும் பெரிய வெண்ணிறப் பறவை எதைக் கண்டாலும் முதலில் கழுத்தையும் பிறகு கால்களையும் பாருங்கள். நிறத்தைப் பார்ப்பது அதன் பிறகுதான். எதிரொளியில் எல்லாப் பறவையும் கறுப்பாகத்தான் தெரியும்.

பெரிய வெள்ளைக் கூழைக்கடா என்ற வேறோர் இனமும் உண்டு. அதன் சிறகை அடியிலிருந்து பார்த்தால் முன்பாதி வெண்மையாகவும் பறக்கும் இறகுகள் கறுப்பாகவும் கூர்மையான எல்லையுடன் பிரிந்து தெரியும். தொண்டைப் பை மஞ்சளாக இருக்கும். புள்ளி அலகுக் கூழைக்கடாவின் பறக்கும் இறகுகள் மங்கிய பழுப்புச் சாம்பல் நிறமானவை. அந்த எல்லை தெளிவாகத் தெரியாது. இந்த வேறுபாட்டைப் பார்க்காமல் “வெள்ளையாக இருந்தது” என்ற காரணத்தினால் மட்டும் வேறு இனத்தின் பெயரை எழுதிவிடக் கூடாது.

மாலையில் நீர்க்காகங்களும் கொக்குகளும் அதே மரங்களுக்கு வரும். அவற்றை எண்ண விரும்பினால் தனிப் பத்தியில் எண்ணுங்கள். முதல் முறை வருபவர் கூழைக்கடாவை மட்டும் எண்ணுவதே நல்லது.

3. உணவிடத்தையும் அடையும் இடத்தையும் பிரித்தறிதல்

கூழைக்கடாக்கள் பகலில் இரை தேடும் நீர்நிலையும் இரவில் அடையும் மரமும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. உணவிடத்தில் அவை சிதறியிருக்கும். வரும், போகும், நாணல் மறைவில் ஒதுங்கும். அடையும் மரத்தில் ஒன்றுகூடும். ஆகவே நம்பத்தக்க எண்ணிக்கை அடையும் இடத்தில்தான் கிடைக்கும். உணவிடத்தில் நடத்தையையும் வயதையும் பார்க்கலாம்.

பேர வாவியில் இரண்டையும் ஒரே இடத்தில் காணலாம் என்பதால் தொடங்குவதற்கு அதுவே பொருத்தமானது. கங்காராமை விகாரைக்கு அருகே, சீமா மாலகத்தைச் சூழ்ந்த நீர்ப்பரப்பிலும் வாவியின் நடுவே உள்ள சிறிய தீவின் மரங்களிலும் அவற்றை நடந்தபடியே பார்க்கலாம். வாவியின் நீர் பாசியினால் பச்சையாகி நாறும் நாட்கள் உண்டு. அந்நாட்களில் பறவைகள் வேறெங்கும் போய்விட்டன என்று முன்கூட்டியே முடிவு செய்யாதீர்கள்.

தியவன்னா ஓயாப் பகுதி அகன்றது. பாராளுமன்றத்தைச் சுற்றியுள்ள சாலைகளில் மின்விளக்குக் கம்பங்களின் உச்சியில் ஒவ்வொன்றாக அவை அமர்ந்திருப்பது கொழும்பு வாசிகளுக்குப் பழகிய காட்சி. தலங்கம குளம் காலை வேளைக்கு ஏற்றது. 1990 இல் சரணாலயமாகப் பிரகடனப்படுத்தப்பட்ட பெல்லன்வில–அத்திடிய சதுப்புநிலம் தெஹிவளைப் பக்கத்திலிருந்து செல்வோருக்கு வசதியானது.

இந்நீர்நிலைகள் அனைத்தும் ஒன்றுக்கொன்று சில கிலோமீற்றர் தொலைவிலேயே உள்ளன. சதுப்புநிலங்கள் நகரத்தின் ஊடாக இவ்வாறு பரந்திருப்பதனால்தான் 2018 இல் கொழும்பு, ஈரநிலங்களைக் காக்கும் பன்னாட்டு உடன்படிக்கையான ராம்சாரின் கீழ் ஈரநில நகரமாக அங்கீகரிக்கப்பட்டது. எண்ணுபவருக்கு இதிலிருந்து கிடைக்கும் எச்சரிக்கை ஒன்று உண்டு: இரண்டு மீற்றர் சிறகு கொண்ட பறவைக்கு அந்தத் தூரம் ஒரு பொருட்டன்று. சனிக்கிழமை பேர வாவியில் எடுத்த தொகையையும் ஞாயிற்றுக்கிழமை தியவன்னாவில் எடுத்த தொகையையும் கூட்டி “கொழும்பில் இத்தனை” என்று எழுதினால், ஒரே பறவை இருமுறை எண்ணப்பட்டிருக்கும்.

கடற்கரையில் தேடுவோருக்கும் ஒரு சொல். காலிமுகத்திடலிலோ வெள்ளவத்தைக் கடற்கரை வீதியிலோ தலைக்கு மேலே செல்லும் கூழைக்கடாவைக் காண நேரலாம். அது கடந்து போகும் பறவையாகவே பெரும்பாலும் இருக்கும். அமெரிக்கக் கரைகளின் பழுப்புக் கூழைக்கடாவைப் போல உயரத்திலிருந்து அலைக்குள் பாயும் வழக்கம் இவ்வினத்துக்கு இல்லை. இதற்கு ஆழமற்ற, அமைதியான நீர் வேண்டும்: குளம், வாவி, களப்பு, ஆற்று முகத்துவாரம். கரையோரத்தில் பார்க்க விரும்புவோர் களனி ஆறு கடலில் சேரும் மட்டக்குளி, காக்கைதீவுப் பக்கத்தையோ வடக்கே நீர்கொழும்புக் களப்பையோ நாடுவது பயன் தரும்.

4. நாளையும் நேரத்தையும் தீர்மானித்தல்

தொடங்குவதற்கு டிசம்பர் முதல் மார்ச் வரையான மாதங்கள் வசதியானவை. ஒக்டோபர், நவம்பரில் மாலை இடிமழை அடிக்கடி எண்ணிக்கையைக் குலைக்கும்; மே முதல் தென்மேற்குப் பருவக்காற்று வீசும். ஆனால் ஒப்பீட்டுக்காக எண்ணுபவர் மாதந்தோறும் எண்ண வேண்டும். நல்ல வானிலை உள்ள மாதங்களில் மட்டும் எண்ணினால் ஆண்டின் மறுபாதி வெற்றிடமாக நிற்கும்.

பேர வாவியைத் தெரிவு செய்தால் பௌர்ணமி தினங்களைத் தவிருங்கள். பெப்ரவரியில் வரும் நவம் பெரஹராவின்போதும் மே மாத வெசாக் அலங்காரத்தின்போதும் கங்காராமைப் பகுதியில் ஒளியும் ஒலியும் சனநெரிசலும் மிகுந்திருக்கும். அன்று கிடைக்கும் தொகை வழக்கமான மாலையைக் காட்டாது.

சூரியன் மறையும் நேரத்தை முன்கூட்டியே பார்த்துக்கொள்ளுங்கள். கொழும்பில் அது நவம்பரில் மாலை 5.50 அளவிலும் ஜூலையில் 6.30 அளவிலும் இருக்கும். எப்போதும் மாலை ஆறு மணிக்கு எண்ணுவது என்று வைத்துக்கொண்டால், ஒரு மாதத்தில் பறவைகள் அடைந்த பின்னரும் இன்னொரு மாதத்தில் அவை வந்து சேருமுன்னரும் எண்ணியிருப்பீர்கள். கடிகார நேரத்தை விட்டு, சூரிய மறைவுக்கு ஒரு மணி நேரம் முன்பு என்று கணக்கு வையுங்கள்.

வெயில் ஏறிய முற்பகலும் நண்பகலும் எண்ணுவதற்கு ஏற்றவையல்ல. நிலம் சூடேறி வெப்பக்காற்று மேலெழும்போது கூழைக்கடாக்கள் அதில் ஏறிச் சிறகசைக்காமல் மிக உயரத்துக்குச் சென்றுவிடும். வாவி வெறுமையாகத் தெரியும். பறவைகள் மேகத்தை ஒட்டி வட்டமிட்டுக்கொண்டிருக்கும்.

5. நிற்கும் புள்ளியை உறுதி செய்தல்

மாலை எண்ணிக்கைக்குச் சூரியன் உங்கள் முதுகுக்குப் பின்னால் இருக்க வேண்டும். அதாவது மேற்குப் பக்கத்தில் நின்று கிழக்கு நோக்கி மரங்களைப் பார்க்க வேண்டும். மறுகரையில் நின்றால் மரமும் பறவையும் ஒரே கரிய உருவாகக் கலந்துவிடும்.

புள்ளியைத் தெரிவு செய்தவுடன் குறிப்பேட்டில் ஒரு பருமட்டான வரைபடம் வரையுங்கள்: எந்த மரம், எந்தக் கட்டடம், எந்தக் கம்பம். பார்வைப் பரப்பை இடமிருந்து வலமாக மூன்று அல்லது நான்கு பகுதிகளாகப் பிரித்து எழுத்துகளால் குறியுங்கள். எண்ணும் நடுவில் ஒரு பறவை இடம் மாறினால் எந்தப் பகுதியிலிருந்து எதற்கு மாறியது என்று எழுத இது உதவும். அடுத்த முறையும் அதே புள்ளியில் நில்லுங்கள். இருபது அடி தள்ளி நின்றால்கூட ஒரு கிளை ஐந்து பறவைகளை மறைத்துவிடும்.

பாராளுமன்றப் பகுதியில் நிற்பவர்கள் கூடுதல் கவனத்துடன் இருக்க வேண்டும். அது உயர் பாதுகாப்புக்கு உட்பட்ட இடம். நீண்ட வில்லையுடன் கட்டடங்களை நோக்கி நின்றால் பொலிஸார் விசாரிப்பது இயல்பு. அவர்கள் கேட்குமுன் நாமே சென்று சொல்லிவிடுவது நல்லது. “பெஸ்துடுவா” என்ற சிங்களப் பெயரைச் சொல்லிக் கம்பத்தைக் காட்டினால் விளக்கம் பெரும்பாலும் அத்துடன் முடிந்துவிடும். தேசிய அடையாள அட்டையை மறக்க வேண்டாம். ட்ரோனைப் பற்றி யோசிக்கவே வேண்டாம். அனுமதி பெறுவது ஒரு புறமிருக்க, மரத்தில் அடைந்த பறவைகள் அதைக் கண்டு ஒருசேர எழுந்துவிட்டால் அன்றைய எண்ணிக்கையே இல்லை.

6. எண்ணுமுன் ஒரு காலை நடத்தையைப் பார்த்தல்

இந்தப் படியைத் தாண்டிச் செல்லவே எல்லோரும் விரும்புகிறார்கள். ஆனால் இயல்பான பறவை எப்படி இருக்கும் என்று தெரியாதவருக்கு நலமற்ற பறவையையும் தெரியாது.

இரை பிடிப்பதைப் பாருங்கள். புள்ளி அலகுக் கூழைக்கடா பெரும்பாலும் தனியாகவோ சிறு குழுவாகவோ நீந்தி, அலகை நீருக்குள் சட்டென்று செலுத்தும். தொண்டைப் பை விரிந்து, மீனுடன் பல லீற்றர் நீரும் உள்ளே போகும். பிறகு அலகை மார்போடு தாழ்த்தி நீரை வடியவிட்டு, தலையை உயர்த்தி மீனை விழுங்கும். மீனைப் பையில் சேமித்து எடுத்துச் செல்கிறது என்று பலர் சொல்லக் கேட்கலாம். அது சேமிப்பிடமன்று, மீனையும் நீரையும் பிரிக்கும் வலை. குஞ்சுக்குரிய உணவு இரைப்பையிலிருந்தே கக்கப்படும். வளர்ந்த குஞ்சு தாயின் தொண்டைக்குள் தலையை நுழைத்து அதை எடுத்துக்கொள்ளும்.

வெயிலில் வாயைத் திறந்து தொண்டைப் பையைப் படபடவென அதிரவிடும். நாய் நாக்கை நீட்டி மூச்சிரைப்பதைப் போல, உடற்சூட்டைத் தணிக்கும் வழி அது, நோயல்ல. சில வேளை கழுத்தைப் பின்னுக்கு வளைத்து அலகை வானை நோக்கி உயர்த்திப் பையை நீட்டி விரிக்கும். வேறு சில வேளை பையைக் கழுத்தின்மேல் அழுத்தி உள்வெளியாகப் புரட்டும். அப்போது கழுத்தெலும்பு வாய்வழியே வெளியே வந்துவிட்டதைப் போலத் தோன்றும். அப்படி எடுக்கப்பட்ட படங்களைப் பார்த்து அஞ்சுவோர் பலர். சோம்பல் முறிப்பதற்கு மேல் அதில் ஒன்றும் இல்லை.

பாண் துண்டுகளையோ மீன் கழிவுகளையோ எறிந்து பறவையை அருகே வரவழைக்காதீர்கள். இரை கிடைக்கும் கரையை நோக்கிப் பறவைகள் கூடினால், நீங்கள் பார்ப்பது அவற்றின் பழக்கத்தை விட்டு உங்கள் பழக்கத்தையே. வீதிக்கும் மின்கம்பிகளுக்கும் அருகே இறங்கப் பழகிய பறவை வெகு நாள் பிழைப்பதும் இல்லை.

7. வயதைப் பிரித்தல்

வயதுப் பிரிப்பை மாலை எண்ணிக்கைக்கு முன், ஒளி இருக்கும்போதே செய்துவிட வேண்டும். அந்தியில் நிறம் மறைந்துவிடும். அப்போது எல்லாமே முதிர்ந்த பறவையாகத் தோன்றும்.

முதலில் அலகைப் பாருங்கள். இளம் பறவையின் அலகில் புள்ளிகள் இரா. ஏறத்தாழ ஓராண்டுக்குப் பின்னரே அவை தோன்றத் தொடங்கும். அடுத்து பிடரியும் முதுகும்: இளமையில் பழுப்பு நிறம் ஓங்கியிருக்கும். முழுமையான முதிர்ந்த இறகமைப்பு மூன்றாம் ஆண்டில் வரும். எனவே “இளையது”, “இடைப்பட்டது”, “முதிர்ந்தது” என மூன்று பத்திகள் போதும். அதற்கு மேல் நுணுக்கமாகப் பிரிக்க முயல்வோர் ஊகத்தையே எழுதுகிறார்கள்.

அலகு தெளிவாகத் தெரியாத பறவையை “தெரியவில்லை” என்ற நான்காவது பத்தியில் இடுங்கள். அந்தப் பத்தியில் எண் பெரிதாக இருப்பதில் வெட்கமில்லை.

8. மாலை எண்ணிக்கை

சூரிய மறைவுக்கு ஒரு மணி நேரம் முன்பே உங்கள் புள்ளியில் இருங்கள். முதல் பத்து நிமிடங்களில், ஏற்கெனவே மரங்களிலும் கம்பங்களிலும் நீரிலும் உள்ள பறவைகளைப் பகுதி பகுதியாக எண்ணி எழுதுங்கள். இதுவே அடிப்படைத் தொகை. இருமுறை எண்ணுங்கள், இரண்டும் வேறுபட்டால் மூன்றாவது முறையும் எண்ணுங்கள்.

அதன் பின் மரங்களைப் பார்ப்பதை நிறுத்தி வானத்தைப் பாருங்கள். இங்கேதான் புதியவர்கள் வழி தவறுகிறார்கள். பத்து நிமிடத்துக்கு ஒரு முறை மரத்தில் உள்ளவற்றை மீண்டும் மீண்டும் எண்ணிக்கொண்டிருப்பார்கள். அதற்குள் வந்தவையும் போனவையும் கணக்கில் ஏறா. வரும் பறவைகளைத் திசையுடனும் நேரத்துடனும், வெளியேறும் பறவைகளைத் தனியாகவும் எழுதுங்கள். பதினைந்து நிமிடத்துக்கு ஒரு கோடு இட்டுப் பிரித்துக்கொண்டால், எந்த நேரத்தில் வரவு மிகுகிறது என்பது சில மாலைகளிலேயே தெரிந்துவிடும்.

பல பறவைகள் இறங்குவதற்கு முன் ஓரிரு வட்டம் போடும். ஒவ்வொரு வட்டத்தையும் புதிய வரவாக எண்ணுவது மிகப் பொதுவான பிழை. பறவை கிளையில் காலூன்றிய பின்னரே எண்ணியை அழுத்துங்கள். வந்து, அமராமல், அதே திசையில் கடந்து போனதை “கடந்து சென்றது” என்று எழுதுங்கள். அது தொகையில் சேராது.

சூரிய மறைவுக்குப் பின் ஏறத்தாழ இருபது நிமிடங்கள் பார்க்கத்தக்க ஒளி இருக்கும். நிலநடுக்கோட்டை ஒட்டிய நமது பகுதியில் அந்தி குறுகியது. அதற்குள் மரங்களில் உள்ளவற்றை இறுதியாக ஒரு முறை எண்ணுங்கள்.

இப்போது கணக்கைச் சரிபார்க்கலாம். எடுத்துக்காட்டாக, அடிப்படைத் தொகை 18, வரவு 27, வெளியேறியவை 4 என்றால், மரங்களில் 41 இருக்க வேண்டும். இறுதி எண்ணிக்கையில் 38 கிடைத்தால் மூன்று குறைகிறது. அந்த மூன்றும் இலை மறைவில் இருக்கலாம். நீங்கள் காணாமல் வெளியேறியிருக்கலாம். வரவில் ஒரு வட்டம் இருமுறை ஏறியிருக்கலாம். எதுவென்று தீர்மானிக்க முயல வேண்டாம். இரண்டு தொகைகளையும் அப்படியே எழுதுங்கள். இரண்டின் சராசரியை எழுதுவோர் உண்டு. அது எவரும் காணாத ஒரு தொகை.

கூட்டம் பெரிதாக இருந்தால் பத்துப் பத்தாக எண்ணலாம். ஆனால் முதலில் பத்துப் பறவைகளை ஒவ்வொன்றாக எண்ணி, அந்தப் பத்து எவ்வளவு இடத்தை அடைக்கிறது என்று கண்ணுக்குப் பழக்கப்படுத்திய பிறகே அப்படிச் செய்ய வேண்டும். இந்தப் பழக்கமின்றிக் குத்துமதிப்பாகச் சொல்பவர்கள் சிறு கூட்டத்தைப் பெருக்கியும் பெருங்கூட்டத்தைச் சுருக்கியும் சொல்லிவிடுகிறார்கள்.

9. மரங்களில் கூடுகள் இருந்தால்

குச்சிகளால் ஆன மேடை, அதன்மேல் நெடுநேரம் அசையாமல் அமர்ந்திருக்கும் பறவை, குச்சியை அலகில் ஏந்தி வரும் இன்னொன்று ஆகியவை கூட்டின் அறிகுறிகள். புள்ளி அலகுக் கூழைக்கடா மரங்களில் கூட்டமாகக் கூடு கட்டி, பொதுவாக மூன்று அல்லது நான்கு முட்டைகளை இட்டு, ஏறத்தாழ ஒரு மாதம் அடைகாக்கும். குஞ்சுகள் பறக்க மேலும் சில மாதங்கள் செல்லும். ஆகவே ஒரு மரத்தை ஒரு முறை குலைத்தாலும், இழப்பு ஒரு பருவம் முழுவதற்கும் உரியது.

மரத்தின் அடிக்குச் செல்லாதீர்கள். கூந்தன்குளத்தில், திருநெல்வேலி மாவட்டத்தில், வீடுகளுக்கு நடுவே உள்ள மரங்களிலேயே இவை கூடு கட்டுகின்றன. ஊரின் அன்றாட நடமாட்டம் அவற்றை விரட்டுவதில்லை. விரட்டுவது, வழக்கமாக எவரும் வராத திசையிலிருந்து ஓர் ஆள் திடீரென நேர்கீழே வந்து அண்ணாந்து பார்ப்பது. தாய் எழுந்து போன சில நிமிடங்களில் காகம் வந்துவிடும். கொழும்பில் காகத்துக்குப் பஞ்சமில்லை.

எண்ண வேண்டியது கூடுகளின் மொத்தத்தை அல்ல. பறவை அமர்ந்துள்ள அல்லது குஞ்சு தெரியும் கூடுகளை மட்டும். கைவிடப்பட்ட பழைய மேடைகள் மரத்தில் நெடுநாள் நிலைத்திருக்கும்.

10. கரையில் வாழ்பவர்களிடம் கேட்டல்

முகத்துவாரம், மட்டக்குளி, நீர்கொழும்புப் பகுதிகளில் தொழிலுக்குப் போகும் மீனவர்கள் உங்களைவிட அதிக நேரம் நீரைப் பார்ப்பவர்கள். அவர்களிடம் கேட்பது எப்படி என்பதற்கும் ஒரு முறை உண்டு.

“அண்ணன், எத்தனை வரும்?” என்று கேட்டால் “கனக்க வரும்” என்பதே பதிலாக இருக்கும், குறை கேள்வியில் உள்ளது. எந்தப் பக்கத்திலிருந்து வருகின்றன, வலை இழுக்கும் நேரத்தில் வருகின்றனவா, நீரில் இறங்குகின்றனவா, மேலே கடந்து போகின்றனவா, எந்த மாதத்தில் காணவில்லை என்று கேளுங்கள். அவர்கள் வலையைச் சீர் செய்துகொண்டிருக்கும் வேளை பேச்சுக்கு ஏற்றது. மீன் விலை பேசும் நேரத்தில் குறுக்கே போக வேண்டாம்.

கூழைக்கடா மீனைத் தின்றுவிடுகிறது என்ற மனக்குறையும் வரும். அதை மறுத்து வாதிடப் புறப்படாமல், எந்த மீன், எந்த அளவு, எந்த இடம் என்று எழுதிக்கொள்ளுங்கள். கேட்டறிந்ததைக் கண்டறிந்ததுடன் கலக்காமல் தனிப் பக்கத்தில் எழுதுவது முக்கியம்.

11. காயமுற்ற அல்லது இறந்த பறவையைக் கண்டால்

நகரத்து நீர்நிலைகளில் அடிக்கடி நேரும் தீங்கு தங்கூசி நூலும் தூண்டில் முள்ளும். சிறகைத் தொங்கவிட்டிருக்கும், அலகை மூட இயலாத, அல்லது மற்றவை எழுந்த பின்னும் எழாத பறவையைக் கண்டால் இடத்தையும் நேரத்தையும் குறித்து, வனசீவராசிகள் பாதுகாப்புத் திணைக்களத்துக்கு அறிவியுங்கள். 1937 ஆம் ஆண்டின் வனவிலங்கு, தாவரப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின் கீழ் இவை பாதுகாக்கப்பட்டவை என்பதால், பிடித்து வீட்டுக்கு எடுத்துச் செல்வது உதவியாகாது.

திணைக்களத்தார் வருமுன் பறவையைத் தடுத்து வைக்க வேண்டிய நிலை வந்தால், ஒரு துவாயைப் போர்த்திச் சிறகை அடக்குங்கள். ஆனால் அலகைக் கட்டிவிடாதீர்கள். கூழைக்கடாவின் மூக்குத்துளைகள் அடைபட்டவை. அது வாயினாலேயே மூச்சு விடுகிறது. அலகை இறுகக் கட்டினால் மூச்சு முட்டி இறந்துவிடும். இரு அலகுகளுக்கிடையே விரல் அளவு இடைவெளி விட்டுப் பிடிக்க வேண்டும். முள்ளை இழுத்து எடுக்கவும் முயலாதீர்கள். அதன் பின்முனை தசையைக் கிழிக்கும்.

இறந்த பறவையை வெறுங்கையால் தொடாதீர்கள். பறவைக் காய்ச்சலின் எச்5என்1 வகை 2022 இல் பெரு நாட்டுக் கரையிலும் கிரேக்கத்திலும் கூழைக்கடாக்களைப் பெருமளவில் கொன்றது. ஒரே இடத்தில் பல பறவைகள் இறந்து கிடந்தால் உடனே அறிவிப்பது அவசியம்.

12. பதிவை முடித்து அனுப்புதல்

வீட்டுக்கு வந்த அன்றிரவே பென்சில் குறிப்பைச் சுத்தமாக எழுதுங்கள். நாள், தொடங்கிய நேரம், முடித்த நேரம், நின்ற புள்ளி, வானிலை, அடிப்படைத் தொகை, வரவு, வெளியேற்றம், இறுதி எண்ணிக்கை, வயதுப் பத்திகள், குழப்பங்கள் என்ற வரிசையைப் பின்பற்றுங்கள். குழப்பங்கள் என்ற பத்தியில், நடுவில் பெய்த மழை, அன்னப் படகுகள் தீவை நெருங்கிச் சென்றது, வெடிச்சத்தம் போன்றவை வர வேண்டும்.

ஒன்றும் காணாத மாலையையும் பதியுங்கள். “போனேன், இல்லை” என்பது ஒரு தரவு. “போகவில்லை” என்பது வேறு. சுழியத்தை எழுதாதவரின் ஏட்டில் இவ்விரண்டும் ஒன்றாகவே தெரியும்.

பறவைப் பதிவுகளைத் திரட்டும் ஈபேர்ட் (eBird) இணையத்தளத்தில் இட விரும்பினால், இறுதி எண்ணிக்கையைத் தொகையாகவும் மற்ற விவரங்களைக் குறிப்பாகவும் இடுங்கள். கூடுள்ள மரத்தின் துல்லியமான அமைவிடத்தைப் பொதுவில் வெளியிட வேண்டாம். ஒவ்வோராண்டும் ஜனவரியில் ஆசிய நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடைபெறுகிறது. அதில் சேர விரும்புவோர், கொழும்புப் பல்கலைக்கழகத்துடன் இணைந்து இயங்கும் இலங்கைக் களப் பறவையியல் குழுவையோ இலங்கைப் பறவைக் கழகத்தையோ டிசம்பருக்கு முன்பே தொடர்புகொள்ள வேண்டும். அங்கு செல்லும்போது ஒரே புள்ளியிலிருந்து மாதந்தோறும் எடுத்த பதிவேட்டைக் கையில் கொண்டு செல்லுங்கள். எந்த நீர்நிலையை உங்களிடம் ஒப்படைப்பது என்பதை அவர்கள் அதைப் பார்த்துத் தீர்மானிக்கலாம்.